ஆதி மனிதரின் யாத்திரையும் எலும்புகளின் சாட்சியமும்

மனித இனத்தின் பிறப்பிடம் ஆப்பிரிக்காவாக இருத்தல் கூடும் என்று சார்லஸ் டார்வின் 1871-ஆம் ஆண்டில் எழுதியபோது, அக்கண்டத்திலிருந்து ஆதிமனிதனுடைய எலும்புத் துண்டு ஒன்றுகூட அறிஞர் கைக்கு வந்து சேரவில்லை. கொரில்லாவும் சிம்பன்சியும் அங்கே வாழ்கின்றன, ஆகவே அவற்றோடு நெருங்கிய உறவுடைய நம் மூதாதையரும் அங்கேயே வாழ்ந்திருப்பர் என்னும் அனுமானம் ஒன்றே அவருக்குப் பிரமாணமாக இருந்தது. அதே காலத்தில் ஜெர்மனியில் எர்ன்ஸ்ட் ஹெக்கல் என்னும் உயிர்நூற் பேராசிரியர், இந்து மகா சமுத்திரத்தில் மூழ்கிப்போனதாகக் கற்பிக்கப்பட்ட லெமூரியாக் கண்டத்தை மனிதகுலத்தின் தொட்டிலாகக் காட்டினார். மடகாஸ்கரிலும் இந்தியாவிலும் ஒத்த விலங்கினங்கள் காணப்படுவதற்குக் காரணம் கூறும் பொருட்டு பிலிப் ஸ்கிளேட்டர் 1864-இல் புனைந்த பெயர் அது. பின்னர் நம் நாட்டுக்கு வந்து குமரிக்கண்டக் கதையோடு கலந்து, பள்ளிப் பிள்ளைகளும் அறிந்த பெயராகிவிட்டது. நிலத்தட்டுகள் நகர்கின்றன என்பது நிலைநாட்டப்பட்ட பின்னர் பூகர்ப்ப சாஸ்திரிகளுக்கு அக்கண்டத்தால் ஆகவேண்டிய காரியம் எதுவும் இல்லாமற் போயிற்று. ஆயினும் இல்லாத அந்தக் கண்டமே, இருந்த ஒரு மனிதனுடைய எலும்பைக் கண்டெடுக்கக் காரணமாயிற்று என்பது இத்துறையின் சரித்திரத்தில் ஒரு விநோதம்.

ஹெக்கலின் கருத்துகளால் ஈர்க்கப்பட்ட யூஜின் டுபுவா என்னும் டச்சு நாட்டு மருத்துவர், ஆம்ஸ்டர்டாமில் தமக்கிருந்த ஆசிரியர் பதவியைத் துறந்து, கீழைத்தேசம் செல்வதற்கு வேறு உபாயம் இன்மையால் ராணுவ வைத்தியராகப் பெயர் பதிவு செய்துகொண்டு, 1887-இல் சுமத்ராவுக்குக் கப்பலேறினார். பிறகு ஜாவாவுக்குப் போய், 1891-இல் சோலோ ஆற்றங்கரையில் டிரினில் என்னுமிடத்தில், கைதிகளைக் கொண்டு தோண்டுவித்த பள்ளத்தில் ஒரு மண்டையோட்டின் மேல்மூடியையும், மறு ஆண்டில் நிமிர்ந்து நடந்த ஒருவனுடைய தொடையெலும்பையும் பெற்றார். இன்று ஹோமோ எரெக்டஸ் என்று வழங்கும் நிமிர்ந்த மனிதனுக்கு முதற் சான்று அதுவே. பிறப்பிடம் ஆசியா என்ற தம் நம்பிக்கை நிரூபணமாயிற்று என்று டுபுவா எண்ணினார். நெடுந்தொலைவு வந்து சேர்ந்த ஒரு யாத்திரிகனின் எலும்பையே அவர் எடுத்திருந்தார் என்பது அவர் காலத்தவர்க்கு விளங்கவில்லை.

தென்னாப்பிரிக்காவின் டாங் என்னும் இடத்துச் சுண்ணாம்புக் கற்சுரங்கத்திலிருந்து வந்த குழந்தை மண்டையோட்டை ரேமண்ட் டார்ட் 1925-இல் உலகுக்கு அறிவித்தபோது, ஐரோப்பிய அறிஞர் பலர் அதை ஒரு குரங்குக்குட்டியினது என்று தள்ளிவிட்டனர். அதற்கு ஒரு காரணம், 1912 முதல் இங்கிலாந்தில் பில்ட்டவுன் மனிதன் என்ற பெயரில் ஒரு மண்டையோடு கொண்டாடப்பட்டு வந்ததாகும். பெரிய மூளையும் குரங்கின் தாடையும் உடைய அந்த உருவம், மனிதன் முதலில் அறிவாளியானான், பிறகே மற்ற அங்கங்கள் மாறின என்ற ஐரோப்பியரின் அபிப்பிராயத்துக்கு மிகவும் இசைவாக இருந்தது. மனித மண்டையோடு ஒன்றையும் ஒராங்குட்டானின் தாடை ஒன்றையும் சாயமேற்றிச் சேர்த்துச் செய்த போலி அது என்று 1953-இல் வெளியாயிற்று. நாற்பது ஆண்டுகள் ஒரு பொய், மெய்யின் வழியை மறித்து நின்றது. பின்னர் லீக்கி குடும்பத்தினர் ஓல்டுவாய்ப் பள்ளத்தாக்கிலும், அவர்களுடைய துணைவரான கமோயா கிமேயு 1984-இல் துர்க்கானா ஏரிக்கரையிலும் கண்டெடுத்தவை, பிறப்பிடம் ஆப்பிரிக்காவே என்பதை ஐயத்துக்கு இடமின்றி ஸ்தாபித்தன. அதன்பின் எஞ்சிய வினா, எப்போது, எந்த நிலையில், எத்தனை முறை வெளியேறினர் என்பதே.

இவ்வினாவின் முதற்பாதிக்கு விடை தந்தது காக்கஸஸ் மலைகளுக்குத் தெற்கே, ஜார்ஜியா நாட்டில் உள்ள டிமானிசி. அது இடைக்காலத்து வணிக நகரம் ஒன்றின் இடிபாடு. அந்நகரத்தார் தானியம் சேமிக்க வெட்டிய குழிகளை அகழ்ந்துகொண்டிருந்த தொல்பொருளாளர்களுக்கு, 1980-களின் தொடக்கத்தில் ஒரு குழியினுள் காண்டாமிருகத்தின் பல் கிடைத்தது. கோட்டைச் சுவர்களுக்கிடையே காண்டாமிருகத்துக்கு என்ன வேலை என்ற கேள்வி, அந்நகரின் அடியில் அதைவிடப் பன்மடங்கு பழையதொரு நிலம் கிடக்கிறது என்ற விடைக்கு இட்டுச் சென்றது. 1991-இல் ஒரு தாடையெலும்பும், அதன்பின் ஒன்றன்பின் ஒன்றாக ஐந்து மண்டையோடுகளும் வெளிப்பட்டன. அடியிலுள்ள எரிமலைப் பாறையின் வயது ஏறத்தாழ 18½ லட்சம் ஆண்டு. அதன்மேற் படிந்த மண்ணில் கிடந்த எலும்புகளின் வயது சற்றேறக்குறைய 18 லட்சம் ஆண்டு.

வயதைக் காட்டிலும் வியப்பு அவர்களுடைய தேக அமைப்பிலே இருந்தது. ஆப்பிரிக்காவை விட்டு முதலில் புறப்பட்டவன் நெடிய கால்களும், பெரிய மூளையும், நேர்த்தியாகச் செதுக்கிய கைக்கோடரியும் உடையவனாக இருந்திருப்பான் என்று பாடநூல்கள் அதுவரை கூறிவந்தன. டிமானிசி மாந்தரோ குள்ளர்கள். அவர்களுள் ஒருவனுடைய மூளையின் கொள்ளளவு 546 கன சென்டிமீட்டர், நம்முடையதில் பாதிக்கும் குறைவு. அவர்களுடைய ஆயுதங்கள் கூழாங்கல்லை உடைத்து எடுத்த சாதாரணச் சில்லுகள். அறிவு முதிர்ந்த பின்னரே மனிதன் யாத்திரை தொடங்கினான் என்ற சித்தாந்தம் அத்துடன் விழுந்தது. அம்மண்டையோடுகள் ஐந்தும் ஒன்றுக்கொன்று பெரிதும் வேறுபட்டிருப்பதும் கருதத்தக்கது. டேவிட் லோர்ட்கிபானிட்ஸே தலைமையிலான குழுவினர் 2013-இல், இவை தனித்தனியே வெவ்வேறு கண்டங்களில் கிடைத்திருந்தால் வெவ்வேறு இனங்களாகப் பெயரிடப்பட்டிருக்கும் என்று சுட்டிக்காட்டியது, புதிய எலும்பு ஒன்று கையில் அகப்பட்டவுடன் புதிய இனப்பெயர் ஒன்றைச் சூட்டத் துடிப்போர் அனைவரும் நினைவில் கொள்ள வேண்டிய எச்சரிக்கை.

அவ்வைந்தனுள் ஒன்று முதியவர் ஒருவருடையது. தாடையைக் கையில் எடுத்துப் பார்ப்பவருக்கு, ஒரே ஒரு பல்லின் குழியைத் தவிர ஏனைய குழிகளெல்லாம் எலும்பு வளர்ந்து தூர்ந்து வழுவழுப்பாக இருப்பது தெரியும். இறந்தபின் பற்கள் உதிர்ந்திருந்தால் குழிகள் திறந்தே கிடக்கும். தூர்ந்துபோயின என்றால், பற்களை இழந்தபின்னும் அவர் சில ஆண்டுகள் உயிரோடிருந்தார் என்பது பொருள். சமைத்த உணவு இல்லாத காலத்தில், குளிர்மிகுந்த மலைநாட்டில், பல்லில்லாத ஒருவர் எவ்வாறு உயிர் வாழ்ந்தார்? மற்றவர் இறைச்சியைக் கல்லால் நசுக்கிக் கொடுத்துப் பேணியிருக்கலாம் என்பர் ஒரு சாரார். மூளையும் மச்சையும் போன்ற மெல்லிய உணவைத் தாமே தேடி உண்டிருக்கலாம் என்பர் மற்றொரு சாரார். முதலாவது கருத்தை நம்ப மனம் விழைகிறது. அவ்விழைவே அதனைச் சற்று ஐயத்தோடு நோக்கவேண்டும் என்பதற்குக் காரணமாகிறது.

டிமானிசியே முதற் பயணத்தின் எல்லை என்று கொள்வதற்கும் இல்லை. சீனத்தில் ஷாங்சென் என்னுமிடத்துக் காற்றடி மண்ணில் 21 லட்சம் ஆண்டுத் தொன்மையுடைய கற்கருவிகள் கிடைத்திருப்பதாக 2018-இல் அறிவிக்கப்பட்டது. கருவி உண்டு, எலும்பு இல்லை. செய்தவன் யார் என்று சொல்ல வழியில்லை. இந்நிலை நம் நாட்டிலும் உண்டாதலால் பின்னர் இதற்கு மீண்டு வருவோம்.

எலும்பின் வயதை எவ்வாறு அறிகின்றனர் என்பதை ஈண்டு ஒருசிறிது விளக்குதல் தகும். ஏனெனில் இத்துறையில் நேர்ந்த பெரிய புரட்சிகளுள் பாதி, புதிய எலும்பு கிடைத்ததால் அன்றிப் பழைய எலும்புக்குப் புதிய வயது கிடைத்ததால் நேர்ந்தவை. கதிரியக்கக் கரியைக் கொண்டு அளக்கும் முறை ஏறத்தாழ 50,000 ஆண்டுகளுக்கு அப்பால் செல்லாது. மொராக்கோ நாட்டில் ஜெபெல் இர்ஹூத் என்னும் குன்றில் சுரங்கத் தொழிலாளர் 1961-இல் ஒரு மண்டையோட்டை எடுத்தபோது, அதன் வயது 40,000 ஆண்டு என்றும், அது நம் இனத்துக்கு நெருங்கிய, அழிந்துபோன நியாண்டர்தால் மனிதனின் ஆப்பிரிக்க வகையைச் சேர்ந்தது என்றும் கூறி ஒதுக்கிவைத்தனர். ழான் ழாக் ஹூப்லான் குழுவினர் அவ்விடத்தை மீண்டும் அகழ்ந்து, ஆதிமனிதர் மூட்டிய தீயில் சுடப்பட்டிருந்த சக்கிமுக்கிக் கற்களை எடுத்தனர். மண்ணிற் புதைந்த அத்தகைய கல், சுற்றியுள்ள கதிரியக்கத்தைச் சிறிது சிறிதாகத் தன்னுட் சேமித்து வைக்கும். தீயிற் பட்டால் சேமிப்பு முழுவதும் அழிந்து கணக்குப் புதிதாகத் தொடங்கும். ஆய்வுக்கூடத்தில் மீண்டும் சூடேற்றினால், அக்கடைசித் தீக்குப் பின் சேர்ந்தது அனைத்தும் ஒளியாக வெளிப்படும்; அவ்வொளியின் அளவே காலத்தின் அளவு. அவ்வாறு அளந்தபோது கிடைத்த வயது ஏறத்தாழ 3,15,000 ஆண்டு. முகம் நம்முடையதைப் போன்றது, கபாலம் மட்டும் பின்னோக்கி நீண்டது. நம் இனத்தின் தோற்றம் கிழக்காப்பிரிக்காவின் ஒரு மூலையில் நிகழ்ந்ததென்று எத்தியோப்பியாவின் ஓமோ நதிக்கரை எலும்புகளை வைத்துக் கொண்டிருந்த கருத்து, 2017-இல் இச்செய்தி வெளிவந்தபின் தளர்ந்துவிட்டது. ஆப்பிரிக்கா முழுவதிலும் சிதறி வாழ்ந்து அவ்வப்போது கலந்த கூட்டங்களிலிருந்து நாம் உருவானோம் என்பதே இப்போது வலுப்பெற்றுள்ள கொள்கை.

இனி, இந்த நம் இனம் ஆப்பிரிக்காவை விட்டு வெளியேறியது எப்போது? ரெபெக்கா கான் முதலிய மூவர் 1987-இல் இழைமணிகளின் மரபணுவை ஆராய்ந்து, இன்று வாழும் மக்கள் அனைவருடைய தாய்வழியும் ஏறத்தாழ 2,00,000 ஆண்டுகளுக்கு முன் ஆப்பிரிக்காவில் வாழ்ந்த ஒருத்தியிடம் சென்று முடிகிறது என்று காட்டினர். அதனைத் தொடர்ந்த ஆராய்ச்சிகள், ஆப்பிரிக்காவுக்கு வெளியே உள்ளோர் அனைவரும் 50,000 முதல் 70,000 ஆண்டுகளுக்கு முன் புறப்பட்ட ஒரு கூட்டத்தாரின் சந்ததியர் என்ற முடிவுக்கு வந்தன. அம்முடிவு இன்றும் பெரும்பாலும் நிற்கிறது. ஆனால் அதனை வரைபடமாக்கியோர், ஒரே தேதியில் ஒரே வாசலால் புறப்பட்ட ஒரே ஊர்வலமாக அம்புக்குறியிட்டுக் காட்டிவிட்டனர். எலும்புகள் அந்த அம்புக்குறிக்கு அடங்க மறுக்கின்றன.

இஸ்ரேல் நாட்டுக் கார்மல் மலையில் மிஸ்லியா குகையில் கிடைத்த ஒரு பாதி மேல்தாடை, முற்றிலும் நம் இனத்தைச் சேர்ந்தது. வயது 1,77,000 முதல் 1,94,000 ஆண்டு. அதே மலையிலுள்ள ஸ்குல் குகையிலும், நாசரேத்துக்கு அண்மையிலுள்ள கஃப்சே குகையிலும் முறைப்படி அடக்கம் செய்யப்பட்ட நம்மினத்தார் 90,000 முதல் 1,20,000 ஆண்டுகளுக்கு முற்பட்டவர். ஆனால் அவர்களுக்குப் பின்னர், 60,000 ஆண்டுகளுக்கு முன், அதே மலையில் கெபாரா குகையில் அடக்கமானவன் நியாண்டர்தால் மனிதன். முந்தியது நியாண்டர்தால், பிந்தியது நாம் என்று படிக்கட்டு அமைத்திருந்தோர்க்கு இந்த வரிசை பெரும் அதிர்ச்சியாயிற்று. முன்னதாக வந்த நம்மவர் அங்கே நிலைத்து வாழாமல் அழிந்தோ பின்வாங்கியோ போயினர் என்பதைத் தவிர வேறு விளக்கம் பொருந்தவில்லை. அராபியாவின் நெஃபூத் பாலைவனத்தில் அல் வுஸ்தா என்னுமிடத்தில் 2016-இல் கிடைத்த ஒரு விரலெலும்பு, நீளம் மூன்று சென்டிமீட்டர் சொச்சம், வயது 85,000 ஆண்டுக்குக் குறையாதது. அதனருகே நீர்யானையின் எலும்பும் கிடைத்தது. இன்று மணல்மேடாக உள்ள நிலம் அன்று ஏரியும் புல்வெளியுமாக இருந்ததற்கு வேறு சாட்சி வேண்டுவதில்லை. பருவமழை வடக்கே நகர்ந்த ஈரமான யுகங்களில் அராபியா பசுமையுற்று வழிவிட்டது. மழை விலகியபோது வழி அடைபட்டது. காட்டாற்று வெள்ளம் மணலில் கிளைகிளையாக ஓடிச் சுவறுவது போல, கூட்டங்கள் பல புறப்பட்டுப் போய்ச் சுவறின. நிலைத்து ஓடிய ஒரு கிளையின் வம்சத்தாராகிய நாம், அந்த ஒன்றை மட்டுமே யாத்திரை என்று எண்ணிக்கொள்கிறோம்.

பிழைத்த கிளையிலும் எல்லோரும் பிழைத்தாரில்லை. சைபீரியாவின் இர்திஷ் ஆற்றங்கரையில், மம்மத யானையின் தந்தம் தேடிச் சென்ற சிற்பி ஒருவர் 2008-இல் ஒரு மனிதத் தொடையெலும்பைக் கண்டெடுத்தார். உஸ்த் இஷிம் என்னும் ஊரின் பெயரால் வழங்கும் அவ்வெலும்பு 45,000 ஆண்டு தொன்மையுடையது. அதன் மரபணு முழுவதையும் படித்தபோது, நியாண்டர்தால் மரபணுக் கூறுகள் நம்மிடம் உள்ளவற்றைக் காட்டிலும் நீண்ட துண்டுகளாக அதில் இருந்தன. தலைமுறைதோறும் அத்துண்டுகள் நறுக்குண்டு குறுகும் இயல்புடையனவாதலால், அந்நீளத்தைக் கொண்டு நம்மினத்தாருக்கும் நியாண்டர்தாலருக்கும் நேர்ந்த கலப்பு அவனுக்குச் சில ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் நிகழ்ந்ததென்று கணக்கிட முடிந்தது. அம்மனிதனுடைய கூட்டத்தார்க்கு இன்று தனித்து அடையாளம் காணத்தக்க சந்ததி இல்லை.

எலும்பினின்றே மரபணுவைப் பிரித்தெடுக்கும் இவ்வித்தையை வளர்த்து 2022-இல் நோபெல் பரிசு பெற்ற ஸ்வாந்தே பாபோவின் குழுவினர், அல்தாய் மலையின் டெனிசோவா குகையில் கிடைத்த ஒரு சிறுமியின் விரல்நுனி எலும்பிலிருந்து, அதுவரை எவரும் அறியாத ஒரு மனிதக் கிளையை 2010-இல் அறிவித்தனர். டெனிசோவர் என்று பெயர் பெற்ற அவர்களுடைய மரபணு, சைபீரியாவிலிருந்து வெகு தொலைவிலுள்ள பப்புவா மக்களிடம் 3 முதல் 5 சதவீதம் காணப்படுகிறது. ஆயின் அவர்களுடைய முகம் எப்படி இருந்தது என்பதற்கு அப்போது எலும்பு இல்லை.

அந்த முகம் கிடைத்த வரலாறு ஒரு நாவலாசிரியனுக்கும் தோன்றாதது. மஞ்சூரியாவின் ஹார்பின் நகரில், ஜப்பானியர் ஆதிக்கத்தின்போது, 1933-இல் ஆற்றுப்பாலம் கட்டும் கூலிவேலையில் இருந்த சீனர் ஒருவருக்கு மிகப் பெரிய மண்டையோடு ஒன்று கிடைத்தது. அந்நியர் கைக்கு அது போய்விடக் கூடாதென்று அதைச் சுற்றிக் கட்டிப் பாழ்ங்கிணறு ஒன்றில் இறக்கி மறைத்தார். அவ்வாறு செய்தவர் தம் வாழ்நாள் முழுதும் வாய்திறக்கவில்லை. முதுமையில் இறக்கும் தறுவாயில்தான் வீட்டாரிடம் சொன்னார். அவர்கள் 2018-இல் அதை மீட்டுப் பல்கலைக்கழகம் ஒன்றின் அருங்காட்சியகத்துக்கு அளித்தனர். சோவ்கோதியன் குகையில் எடுத்த பீக்கிங் மனிதனுடைய மூல எலும்புகளுள் பெரும்பாலானவை 1941-இன் யுத்தக் குழப்பத்தில் மறைந்து இன்றளவும் அகப்படவில்லை என்பதை நினைத்தால், அத்தொழிலாளியின் முன்யோசனை எத்தகையது என்பது தெரியும். ஹார்பின் மண்டையோட்டின் வயது 1,46,000 ஆண்டுக்குக் குறையாது. 2021-இல் அதற்கு டிராகன் மனிதன் என்று புதிய இனப்பெயர் சூட்டினர். 2025-இல் அதன் பல்லிற் படிந்திருந்த காரையிலிருந்து மரபணுவும், எலும்பிலிருந்து புரதமும் எடுத்து ஆராய்ந்து, அது டெனிசோவரைச் சேர்ந்தது என்று அறிவித்தனர். டிமானிசியின் எச்சரிக்கை வீணாகவில்லை.

ஆசியாவின் தென்கிழக்கு மூலையில் விஷயம் இன்னும் சிக்கலானது. இந்தோனேசியாவின் ஃபுளோரஸ் தீவில் 2003-இல் கிடைத்த மூன்றரையடி உயரக் குள்ளமனிதரும், பிலிப்பைன்ஸின் லூசோன் தீவில் 2019-இல் பெயர் பெற்ற மற்றொரு சிற்றினத்தாரும், கடல் சூழ்ந்த இடங்களுக்கு எவ்வாறு சென்றனர் என்பது இன்னும் விவாதத்தில் உள்ளது. நம் இனத்தார் லாவோஸ் நாட்டுத் தாம் பா லிங் குகையில் விட்டுச் சென்ற எலும்புகளுள் சிலவற்றின் வயது 70,000 ஆண்டை எட்டுகிறது. ஆஸ்திரேலியாவின் முங்கோ ஏரிப் படுகையில் 1968-லும் 1974-லும் வெளிப்பட்ட, ஒன்று எரியூட்டப்பட்டதும் மற்றொன்று காவிமண் தூவி அடக்கப்பட்டதுமான இரு உடல்களின் எலும்புகள் ஏறத்தாழ 42,000 ஆண்டு தொன்மையானவை. கடல்மட்டம் மிகத் தாழ்ந்திருந்த காலத்திலும் அக்கண்டத்தை அடையப் பரந்த நீர்ப்பரப்பைக் கடந்தே ஆகவேண்டும். ஆகவே மரக்கலம் ஒன்றுகூடக் கிடைக்காவிடினும் கடற்பயணம் நடந்தது உறுதி. அமெரிக்காக்களுக்கு மனிதன் சென்றது இவை எல்லாவற்றுக்கும் பிந்திய, வேறொரு கதை.

ஆப்பிரிக்காவையும் ஆஸ்திரேலியாவையும் இணைக்கும் இந்நெடுவழியின் நடுவே கிடக்கும் இந்தியாவில், அவ்வழிச் சென்றவர் யார், எப்போது சென்றனர் என்பதற்கு விடை கூறவேண்டிய எலும்பு ஏறக்குறைய இல்லை. நருமதை ஆற்றங்கரையில் ஹத்னோரா என்னும் ஊரருகே, இந்தியப் பூகர்ப்ப ஆய்வுத்துறையைச் சேர்ந்த அருண் சோனகியா 1982 டிசம்பரில் கண்டெடுத்த மண்டையோட்டுப் பகுதி ஒன்றே நம்மிடமுள்ள தொன்மையான கபாலம். அதன் வயதிலும் இனத்திலும் அறிஞரிடையே கருத்தொற்றுமை இல்லை.

கருவிகளுக்கோ பஞ்சமில்லை. பல்லாவரத்தில் 1863 மே 30-ஆம் நாள் ராபர்ட் புரூஸ் ஃபுட் ஒரு கற்கோடரியைக் கண்டெடுத்தார். அதே ஆண்டில் திருவள்ளூருக்கு அப்பால் கொற்றலையாற்றுப் பகுதியில் அத்திரம்பாக்கமும் அறியப்பட்டது. அங்கே பிற்காலத்தில் பல்லாண்டுகள் அகழாய்வு நடத்திய சாந்தி பப்புவின் குழுவினர், அடியடுக்கிலுள்ள கைக்கோடரிகளின் வயது ஏறத்தாழ 15 லட்சம் ஆண்டு என்று 2011-லும், அதற்கு மேலடுக்கில் கல்லைச் செதுக்கும் முறை முற்றிலும் மாறியது 3,85,000 ஆண்டுகளுக்கு முன் என்று 2018-லும் வெளியிட்டனர். இம்மாறுதல் உள்ளூரில் தோன்றியதா, வெளியிலிருந்து வந்த கூட்டம் கொணர்ந்ததா என்பதற்கு ஒரு தாடை, ஒரு பல் கிடைத்தாலும் போதும். ஆயின் கருவி செய்த கைகளில் ஒன்றன் எலும்பும் கிடைக்கவில்லை. கர்நூல் பகுதியிலுள்ள ஜ்வாலாபுரத்தில், 74,000 ஆண்டுகளுக்கு முன் சுமத்ராவின் தோபா எரிமலை வெடித்துச் சொரிந்த சாம்பலின் கீழும் மேலும் ஒரேவகைக் கருவிகள் கிடைத்தபோதும் இதே நிலைதான்: அவற்றைச் செய்தவர் நம்மினத்தாரா, முன்னோரா என்ற வாதம் கற்களைக் கொண்டே நடைபெறுகிறது.

எலும்பு இல்லாமையை மனிதர் இல்லாமையாகக் கொண்டுவிடலாகாது. சுண்ணாம்பு செறிந்த குகைகள் எலும்பைக் காக்கும். மழையும் வெப்பமும் மிகுந்த வெட்டவெளிச் செம்மண் அதனைக் கரைத்துவிடும். உலக வரைபடத்தில் ஆதிமனிதர் எலும்புகள் கிடைத்த இடங்களைப் புள்ளியிட்டால், மனிதர் மிகுதியாக வாழ்ந்த இடங்களைக் காட்டிலும், எலும்பு கெடாத இடங்களும் பல்கலைக்கழகங்கள் பணம் செலவிட்டுத் தோண்டிய இடங்களுமே அதில் துலக்கமாகத் தெரியும். எலும்பைக் காக்கும் அத்தகைய குகைகளாகிய கர்நூல் பகுதியின் பில்ல சுர்கம் சுண்ணாம்புக் குகைகளைப் புரூஸ் ஃபுட் 1884-இல் தோண்ட முற்பட்டார். ஆயின் அங்கும் ஏராளமாகக் கிடைத்தவை விலங்கெலும்புகளே.

எலும்பில்லாத இடத்தை நிரப்ப மரபணு வந்திருக்கிறது என்பது மெய்யே. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்துப் பேராசிரியர் பிச்சப்பன் முதலியோர் ஆராய்ச்சியில், எம் 130 என்னும் மரபணுக் குறி மதுரை வட்டாரத்துச் சிலரிடம் காணப்பட்டது. ஆஸ்திரேலியப் பழங்குடியினரிடமும் அதன் கிளை உண்டு. உடனே பத்திரிகைகள் முதல் இந்தியர் கிடைத்துவிட்டார் என்று எழுதின. அக்குறி இன்று அங்கே இருப்பது, கடற்கரையோரமாகக் கிழக்கே சென்ற கூட்டத்தோடு நமக்கு உறவுண்டு என்பதற்குச் சான்றாகும். அக்குறியுடையோரின் மூதாதையர் அறுபதாயிரம் ஆண்டு அதே ஊரில் குடியிருந்தனர் என்பதற்குச் சான்றாகாது. இரத்தம் உறவைச் சொல்லும், இடத்தைச் சொல்ல எலும்புதான் வேண்டும்.

அத்தகைய எலும்பு நமக்கு மிக அண்மையில் உண்டு. இலங்கையின் பாஹியன்கல, படதொம்பலென முதலிய மலைக்குகைகளில் சிரான் தெரணியகல முதலியோர் அகழ்ந்தெடுத்தவை, தென்னாசியாவில் இதுவரை கிடைத்த நம்மினத்தாருடைய எலும்புகளுள் மிகத் தொன்மையானவை. பாஹியன்கலவில் மனித வாழ்க்கையின் தடங்கள் ஏறத்தாழ 45,000 ஆண்டு வரை செல்கின்றன. அவர்கள் அடர்ந்த மழைக்காட்டில் குரங்கையும் மலையணிலையும் வேட்டையாடி உண்டனர். குரங்கின் எலும்பைத் தீட்டி அம்புமுனை செய்தனர். கடலிலிருந்து தொலைவிலுள்ள அக்குகைகளுக்குக் கிளிஞ்சல் மணிகளும் வந்திருக்கின்றன. அக்காலத்தில் கடல்மட்டம் பல பத்து மீட்டர் தாழ்ந்திருந்தமையால் இராமேசுவரத்துக்கும் மன்னாருக்கும் இடையே நிலமே இருந்தது. இலங்கையின் மலைகளை அடைந்தவர் தென்னிந்தியாவைக் கடவாமல் வந்திருத்தல் அரிது. கடற்கரையோரமாக வந்தனராயின், அவர்கள் தங்கிய கரைகளும் அங்கே புதைத்தவர்களும் இன்று பாக்கு நீரிணையின் அடியிலும் சோழமண்டலக் கரைக்கு அப்பாலுள்ள ஆழமற்ற கடலடியிலும் கிடத்தல் வேண்டும்.